நான் ஆங்கிலத்தில் வாதாடிய மூன்று வாரம்

எனக்கு நான்கு மொழிகளில் சண்டை போடத் தெரியும். தமிழ் பிறப்பிலேயே வந்தது. இந்தி தாராவிச் சந்துகளில் நடந்து நடந்து ஒட்டிக்கொண்டது. மராத்தி முனிசிபாலிட்டி ஆட்களிடம் கற்றது. குஜராத்தி, தோல் பை வாங்க வரும் சேட்டுகளோடு மல்லுக்கு நின்றதில் வந்தது. மூன்றாம் வகுப்புக்கு மேல் பள்ளிக்கூடம் என்னைப் பார்த்ததில்லை. ஆனாலும் ஒரு சேட்டும் என்னைப் பேச்சில் வென்று வாசல் தாண்டியதில்லை. இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை என்று எழுதினால் பொய்யாகிவிடும். பெருமைக்காகத்தான் சொல்கிறேன்.

ஐந்தாவதாக ஆங்கிலத்திலும் மூன்று வாரம் வாதாடியிருக்கிறேன். அது அறுபதுகளில், எனக்குக் கல்யாணமாகி இரண்டாவது வருஷம் நடந்தது. எதிராளி என் மனைவி.

தாராவியில் எனக்குச் சொந்தமாக ஒரு பட்டறை இருந்தது. வக்கீல்களும் ஆபீஸ்காரர்களும் கையில் பிடித்துக்கொண்டு போகும் தோல் பைகள் செய்தோம். ஊரிலிருந்து வெறுங்கையோடு வந்து, மற்றவன் பட்டறைத் தரையில் படுத்து, பிறகு என் பெயரில் ஒரு பூட்டு வாங்கித் தொங்கவிட்டவன் நான். குடியிருந்தது மாட்டுங்கா லேபர் கேம்பில், ஒற்றை அறை. மனைவி என் தாய்மாமன் மகள். திருநெல்வேலிப் பக்கம் மிஷன் பள்ளிக்கூடத்தில் பதினொன்று பாஸாகி, டீச்சர் டிரெயினிங்கும் முடித்தவள். மூன்றாம் வகுப்புக்காரனுக்கு இப்படி ஒருத்தியைக் கொடுக்க மாமாவுக்கு மனசு வந்ததென்றால், அது என் பட்டறைப் பூட்டைப் பார்த்துத்தான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து வந்தவள், சேலைகூட மாற்றாமல் என் எதிரே உட்கார்ந்தாள்.

“அத்தான், செம்பூர்ல புதுசா ஒரு இங்கிலீஷ் ஸ்கூல் தொறந்திருக்காங்களாம். சின்னப் பிள்ளையளுக்கு டீச்சர் வேணுமாம். நான் எழுதிப் போடட்டுமா?”

“எதுக்கு? இங்கன ஒனக்கு என்ன கொறை வச்சேன்?”

“கொறைன்னு யாரு சொன்னா. படிச்சது மறந்துகிட்டே வருது.”

“மறந்தா மறக்கட்டும். எனக்கு மூணாங்கிளாசே மறந்து போச்சி. நான் என்ன கெட்டா போயிட்டேன்?”

அவள் எழுந்து சேலை மாற்றப் போனாள். அவள் பேசாமல் இருந்தால் நான் ஜெயித்துவிட்டேன் என்று அந்த நாளில் எனக்கு ஒரு எண்ணம்.

காரணம் இல்லாமல் இல்லை. எங்கள் வரிசையில் ஒருவர் மனைவி மில் வேலைக்குப் போனாள். அவர் டீக்கடைப்பக்கம் வந்தால் போதும், “பெஞ்சாதி சம்பளத்துல பீடி குடிக்கிற ஆளு வாராரு” என்று ஒரு சிரிப்பு எழும். அந்த வசனத்தை முதலில் சொன்னவனே நான்தான். நான் அடித்த சாட்டை என் முதுகிலேயே விழும் என்று எனக்குத் தெரியாதா?

இது வெளியே சொல்லக்கூடிய காரணம். சொல்ல முடியாத காரணம் ஒன்று இருந்தது. செம்பூரில் இங்கிலீஷ் பேசுகிற நாலு பேர் மத்தியில் நாள் முழுக்க இருந்துவிட்டு, சாயங்காலம் அவள் இந்த அறைக்குள் வந்து என்னைப் பார்க்கும்போது, நான் அவள் கண்ணுக்கு எத்தனை உயரம் தெரிவேன்? இதை அப்போது எனக்கே சொல்லிக்கொண்டதில்லை.

மறுவாரம் வேறு ஒன்று கேட்டாள். மாட்டுங்காவில் ஒரு சங்கத்தின் மாடியில், ரிட்டயர்டு ஹெட் கிளார்க் ஒருவர் சாயங்காலம் இங்கிலீஷ் பேசும் வகுப்பு நடத்தினார். அதற்குப் போகலாமா என்றாள். போ என்றேன். நான் ஒன்றும் கல்நெஞ்சக்காரன் இல்லை. இரண்டு மாதம் போனபிறகு, அங்கே ஒரு டிபேட் வைக்கிறார்கள், மேடையில் பேசலாமா என்றாள்.

“பேசு” என்றேன்.

“ஒண்ணு சொல்லிருதேன் அத்தான். தீர்ப்புச் சொல்ல வாரது அந்தச் செம்பூர் ஸ்கூல் ஹெட்மிஸ்ட்ரஸ்தான். நல்லாப் பேசுதவங்களக் கூப்பிட்டு வேலை குடுப்பாகளாம். ஒளிச்சி வைக்கக் கூடாதுல்லா.”

பட்டறைச் சாவியை ஆணியிலிருந்து எடுத்தேன்.

“பேசு. ஆனா வேலைன்னு அந்தம்மா கேட்டா, வேண்டாம்னு நீயே சொல்லிரணும்.”

“சொல்லிருதேன்” என்றாள். குரலில் ஒன்றும் தெரியவில்லை.

பிறகு ஒருநாள் காலையில், குழாயில் தண்ணீர் பிடித்து வந்து குடத்தை இறக்கியவள், “மோஷன எதுக்கணும் அத்தான். நெனச்சாலே வயித்தக் கலக்குது” என்றாள். நான் உடனே சட்டையை மாட்டிக்கொண்டு போய் ஓம வாட்டர் வாங்கி வந்தேன். எங்கள் ஆட்களுக்கு மோஷன் என்றால் ஒன்றுதானே. சயான் ஆஸ்பத்திரியில் டாக்டர் வாயிலிருந்து முதலில் வரும் கேள்வியே அதுதான். பாட்டிலைப் பார்த்ததும் அவள் அடுப்படியில் உட்கார்ந்து சிரித்தாள். கண்ணில் தண்ணீர் வந்து முந்தானையால் துடைக்கும்வரை சிரித்தாள். டிபேட்டில் எடுத்துக்கொள்ளும் பேச்சுப் பொருளுக்கு மோஷன் என்று பெயராம்.

“வெள்ளக்காரன் வேற பேரு வைக்க மாட்டானா?” என்று கேட்டேன்.

அவளுக்குச் சீட்டுக் குலுக்கிப் போட்டதில் வந்த மோஷன் இது: மணமான பெண்கள் வேலைக்குப் போயே ஆக வேண்டும். அதை அவள் எதிர்த்துப் பேச வேண்டும். கேட்டதும் எனக்கு மகா சந்தோஷம். கர்த்தர் பார்த்துத்தான் சீட்டை எடுத்துக் கொடுத்திருக்கிறார் என்றே நினைத்தேன்.

“பழகணும்னா எதுத்துப் பேச ஒரு ஆளு வேணும்” என்றாள். “இந்த வரிசையில இங்கிலீஷ் பேச யாரு இருக்கா?”

“நான் இருக்கேன்.”

“நீங்களா?”

“நாலு பாஷையில பேசுதவனுக்கு அஞ்சாவது எம்மாத்திரம்? எழுதிக் குடு.”

பைக்குள் வைத்துத் தைக்கும் அட்டைத் துண்டுகளைக் கொண்டு வந்து கொடுத்தேன். அதில் ஆங்கில வார்த்தைகளைத் தமிழ் எழுத்தில் எழுதினாள். தினமும் தண்ணீர் பிடித்து முடிந்து நான் பட்டறைக்குக் கிளம்பும்வரை ஒரு மணி நேரம், ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் முழுக்க. அவள் பெட்டிமேல் உட்கார்ந்திருப்பாள், நான் கதவோரம் நிற்பேன். ஸ்டவ்தான் சபைத் தலைவர். அதைப் பார்த்து ‘மிஸ்டர் சேர்மன் சார்’ என்று சொல்லித் தொடங்க வேண்டும்.

முதல் வார்த்தையிலேயே தகராறு. எதிராளியை ‘மை வர்தி அப்போனண்ட்’ என்று சொல்ல வேண்டுமாம். எனக்குத் தெரிந்த வர்தி, இந்தியில் போலீஸ்காரன் உடுப்பு.

“எதிராளி எதுக்கு வர்தி போட்டுட்டு வாரான்? அவன் என்ன போலீஸா?”

“யூனிபாரம் இல்ல அத்தான். மதிப்புக்குரியன்னு அர்த்தம்.”

“சண்டைக்கு வாரவனுக்கு என்னட்டி மதிப்பு?”

“அதான் டிபேட்டு. ஏசாம சண்டை போடணும்.”

எனக்கு அது புதிது. ஏசாமல் சண்டை போட்டு நான் பார்த்ததே கிடையாது.

அடுத்தது ‘ஐ பெக் டு டிஃபர்’. நான் உன்னோடு மாறுபடுகிறேன் என்று அர்த்தம், ஆனால் நடுவில் பிச்சை கேட்கிற வார்த்தை இருக்கிறது என்று சொன்னாள். நான் ஒத்துக்கொள்ளவில்லை. பம்பாய்க்கு வந்த நாளிலிருந்து ஒருத்தனிடம் கை நீட்டாதவன், சொந்தப் பெண்டாட்டியிடம் அதுவும் இங்கிலீஷில் பிச்சை கேட்பதா? ‘ஐ டிஃபர்’ என்று மட்டும் சொல்வேன் என்றேன். ‘கன்சீட்’ என்று இன்னொன்று. எதிராளி சொன்னது சரிதான் என்று ஒத்துக்கொள்வதாம். “அத ஒன் அட்டையிலயே வச்சிக்க, எனக்கு வேண்டாம்” என்று திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

ஆனால் ஒரு வார்த்தை கேட்டவுடனே எனக்குப் பிடித்துப் போயிற்று. ‘ரிபட்.’ எதிராளி பேசி முடித்ததும் எழுந்து ரிபட் பண்ண வேண்டும் என்றாள்.

“இது நம்ம வார்த்தைலா” என்றேன்.

தோல் பைக்குக் கைப்பிடி வைக்கும் இடத்தில் பித்தளை ஆணி ஒன்று வைத்து அடிப்போம். பட்டறையில் அதற்கு ரிபிட் என்று பேர். தையல் மட்டும் இருந்தால் பாரம் தாங்காமல் பிரிந்துவிடும். கைப்பிடித் தோலையும் பைத் தோலையும் ஒன்றன்மேல் ஒன்று வைத்து, இரண்டையும் சேர்த்துத் துளைத்து, ஆணியைச் செருகி, தலையில் ஒரு தட்டு. பை கிழிந்தாலும் ரிபிட் விடாது. அவளுக்கு இதை விளக்கிச் சொன்னேன். எதிராளி சொன்னதையும் நான் சொல்வதையும் ஒன்றாக வைத்து நடுவில் ஆணி அடிக்க வேண்டும், அதுதானே என்று கேட்டேன். அவள் என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தாள்.

“ஆமா அத்தான். அதுதான்” என்றாள்.

அன்றிலிருந்து நான் ரிபிட் அடிக்கத் தொடங்கினேன். அவள் ஒரு பாயிண்ட் சொல்வாள். “யுவர் பாயிண்ட் ரைட். மை பாயிண்ட் ஆல்சோ” என்று அவள் வார்த்தையோடு என் வார்த்தையைச் சேர்த்துப் பூட்டுவேன். நாலு நாளில் அவளும் அதே மாதிரி பேசப் பழகிவிட்டாள்.

பக்கத்துப் பட்டறைக்காரர் ஒரு பாய். காயல்பட்டணத்துப் பக்கம். அட்டையைப் பார்த்து முணுமுணுத்துக்கொண்டே நான் தோல் அறுப்பதைப் பார்த்துவிட்டு அவர் விடவில்லை.

“என்ன வே, கையில கத்தி, வாயில இங்கிலீசு. யார அறுக்கப் போறீரு?”

“பாய், வெள்ளக்காரன் கோர்ட்டு வார்த்தையெல்லாம் நம்ம தொழில்ல இருந்துதான் எடுத்திருக்கான். ரிபட்னா என்ன தெரியுமா? நம்ம ரிபிட்டுதான்.”

“அப்பம் ஐகோர்ட்டுல வக்கீலுக்குப் பதிலா உம்ம நிறுத்தலாம்னு சொல்லும்.”

“நிறுத்திப் பாரும்” என்றேன். மெய்யாகவே அப்போது நின்றிருப்பேன்.

இப்போது அந்த அட்டைகளில் இருந்ததைச் சொல்ல வேண்டும். வார்த்தைகள் போக, எதிர்க்கட்சிக்கு மூன்று பாயிண்ட் எழுதிக் கொடுத்திருந்தாள். எதிர்க்கட்சி என்றால், பெண்கள் வேலைக்குப் போக வேண்டும் என்கிற கட்சி. என் கட்சி. முதல் பாயிண்ட், படித்ததைப் பூட்டி வைத்தால் துருப்பிடிக்கும். இரண்டாவது, அம்மா படித்தவள் என்பது பிள்ளைகளுக்குக் கண்ணால் பார்த்தால்தான் தெரியும். இரண்டையும் நெட்டுருப் போட்டுவிட்டேன். மூன்றாவதை ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் எழுத்துக்கூட்டிப் படித்தேன். ‘எ குட் ஹஸ்பண்ட் டஸ் நாட் பிகம் ஸ்மால்.’

“இதுக்கு என்ன அர்த்தம்?”

அவள் ஸ்டவ்வின் அடைப்பை ஊசியால் குத்தி எடுத்துக்கொண்டிருந்தாள். திரும்பவில்லை.

“பொண்டாட்டி வெளிய வேலைக்குப் போறதுனால, நல்ல புருஷன் சின்னவனா ஆயிர மாட்டான்னு அர்த்தம்.”

நான் அட்டையைப் பார்த்துக்கொண்டே நின்றேன். ஸ்டவ் பற்றிக்கொண்டது. அவள் உலை வைத்தாள். சொல்ல முடியாத அந்தக் காரணத்தை நான் இவளிடம் எப்போது உளறினேன் என்று யோசித்தேன். உளறவில்லை. மூன்று வாரமாக அவள் தனக்கு வேண்டியதையெல்லாம் என் வாயில் வைத்து, என்னையே சொல்லச் சொல்லி, எதிரே உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்திருக்கிறாள். அதை எதிர்த்துப் பேசும் வேலையை மட்டும் அவள் எடுத்துக்கொண்டாள்.

“உச்சரிப்புச் சரியா?” என்று கேட்டேன். வேறு என்ன கேட்பது?

“‘ஸ்மால்’ங்கிறத இன்னும் கொஞ்சம் மெதுவாச் சொல்லுங்க” என்றாள்.

டிபேட் சனிக்கிழமை சாயங்காலம் நாலு மணிக்கு. பட்டறையை மத்தியானமே பூட்டிவிட்டு, சலவைச் சட்டை போட்டுக்கொண்டு போனேன். மாடி ஹாலில் ஐம்பது நாற்காலி இருக்கும். கடைசி வரிசையில் உட்கார்ந்தேன். முன்னால் ஹெட் கிளார்க், மேஜைமேல் ஒரு மணியும் கடிகாரமும் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் செம்பூர் ஹெட்மிஸ்ட்ரஸ், கோவாக்கார அம்மாள், பூப்போட்ட கவுன், தடித்த கண்ணாடி.

என் கட்சியைப் பேசியவன் டை கட்டிய பாங்க் கிளார்க். நன்றாகவே பேசினான். படிப்பைப் பூட்டி வைப்பது பற்றி அவனும் சொன்னான். நான் இன்னும் நன்றாகச் சொல்வேன். என் மனைவி எழுந்து, மூன்று வாரமாக ஸ்டவ்வைப் பார்த்துப் பேசியதையெல்லாம் தடங்கலில்லாமல் பேசினாள். பிறகு ரிபட் பண்ணும் முறை வந்தது. அவள் எழுந்தாள், நின்றாள், பேச்சு வரவில்லை. கையில் இருந்த அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். ஹெட் கிளார்க் மேஜை மணியின்மேல் கையை வைத்துவிட்டார். கடைசி வரிசையில் என் நாக்கு தானாக அசைந்தது. அவளுக்குப் பதிலாக நான் எழுந்துவிடுவேனோ என்று நாற்காலியைப் பிடித்துக்கொண்டேன்.

“மை வர்தி அப்போனண்ட் இஸ் ரைட்” என்றாள்.

ஹாலில் சிரிப்பு. எதிராளி சொன்னது சரி என்று யாராவது ரிபட் பண்ணுவார்களா? அவள் சிரிப்பு அடங்கும்வரை நின்றாள். பிறகு பேசியது எனக்கு முழுசாகப் புரியவில்லை. ஆனால் இரண்டு வார்த்தை திரும்பத் திரும்ப வந்தது. ‘மஸ்ட்’, ‘வாண்ட்’. மஸ்ட் என்பது மோஷனில் இருக்கும் ‘ஆக வேண்டும்’. வாண்ட் எனக்குத் தெரியும், ஆள் தேவை என்று எழுதி மாட்டும் போர்டுகளில் இருப்பது. அவள் சொன்னது இதுதான்: பூட்டி வைத்தால் துருப்பிடிக்கும் என்று எதிராளி நண்பர் சொன்னதை ஒத்துக்கொள்கிறேன். அதனால்தான் ‘போயே ஆக வேண்டும்’ என்பதை எதிர்க்கிறேன். போ என்று ஒருவர் கட்டளை போட வேண்டாம், போகாதே என்றும் போட வேண்டாம், அவளுக்கு வேண்டுமா என்று கேட்டால் போதும். இது அவள் பிறகு எனக்குத் தமிழில் சொன்னது. ஆனால் அந்த ஹாலிலேயே எனக்குப் பாதி புரிந்துவிட்டது. பேசும்போது அவள் கடைசி வரிசைப் பக்கம் பார்க்கவே இல்லை.

பரிசு பாங்க் கிளார்க்குக்குப் போயிற்று. அந்தத் தீர்ப்பை நான் இன்றுவரை ஏற்கவில்லை.

கூட்டம் கலைந்ததும் ஹெட் கிளார்க் எங்களிடம் வந்தார். “என்னம்மா நீ, ரிபட் பண்ணச் சொன்னா அவன் பாயிண்டையே ஆமோதிச்சுட்டயே. ரிபட்னா உடைக்கறதும்மா. ஒட்டறது இல்லே. யார் சொல்லிக் குடுத்தா இப்படி?”

“வீட்டுல பழகினது சார்.”

நான் குறுக்கிட்டேன். “ரெண்டையும் சேத்து ஆணி அடிக்கிறதுக்குத்தான சார் ரிபட்னு பேரு?”

அவர் என்னையும் என் விரலில் இருந்த சாயக் கறையையும் பார்த்துவிட்டுச் சிரித்தார். “அது ரிவெட்டுங்காணும். அது வேற, இது வேற.”

அவர் நகர்ந்ததும் மனைவியைப் பார்த்தேன். “ஒனக்கு முதல்லயே தெரியுமா?”

“தெரியும்.”

“பொறவு ஏன் சொல்லல?”

“எனக்கு நீங்க சொன்னதுதான் பிடிச்சிருந்துது.”

வெட்கத்தில் எனக்குக் காது சுட்டது. வேறு எவன் முன்னால் இப்படி ஒரு தப்பு வெளிப்பட்டிருந்தாலும் இரண்டு நாள் சாப்பிட்டிருக்க மாட்டேன். அவள் முகத்தில் என்னைச் சின்னவனாகப் பார்க்கிற பார்வை ஏதும் இருக்கிறதா என்று தேடினேன். இல்லை.

மாடிப்படியில் இறங்கும்போது ஹெட்மிஸ்ட்ரஸ் அம்மாள் பின்னாலேயே வந்து என் மனைவியின் தோளைத் தொட்டார். நீ பேசியது எனக்குப் பிடித்தது, சின்னப் பிள்ளைகளுக்கு ஒரு டீச்சர் தேவை, உனக்கு வேலை வேண்டுமா என்று கேட்டார். எல்லாம் இங்கிலீஷில். மூன்று வாரப் படிப்பில் அவ்வளவும் எனக்கு விளங்கிற்று.

என் மனைவி வாக்குத் தவறாதவள். புடவைத் தலைப்பைக் கையில் சுருட்டிக்கொண்டு, “தேங்க் யூ மேடம், பட்” என்று தொடங்கினாள்.

அதற்கு மேல் அவளைச் சொல்ல விடவில்லை. எப்படி வந்தது என்று கேட்டால் எனக்குத் தெரியாது. படியில் இரண்டு படி கீழே நின்று, அந்த அம்மாளை அண்ணாந்து பார்த்து, மிஸ்டர் சேர்மன் சார் என்று தொடங்கிவிட்டேன். பெண்பிள்ளையிடம் சார் என்று சொல்லிவிட்டோமே என்பதுகூட உறைக்கவில்லை. முதல் பாயிண்ட், துரு. இரண்டாவது, பிள்ளைகள் கண்ணால் பார்ப்பது. மூன்றாவது வந்தபோது குரல் கொஞ்சம் இறங்கியது. “ஹஸ்பண்ட் நாட் பிகம்” என்றேன். அடுத்த வார்த்தையில் தடுக்கி நின்றேன்.

“ஸ்மால்” என்று மேல்படியிலிருந்து அவள் மெதுவாக எடுத்துக் கொடுத்தாள்.

“ஸ்மால்” என்றேன்.

அந்த அம்மாள் சிரிக்கவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டார். என் மனைவியிடம், திங்கட்கிழமை ஒன்பது மணிக்குச் சர்டிபிகேட்டுகளோடு வா என்றார். பிறகு என்னைப் பார்த்துக்கொண்டே, எனக்கும் புரியட்டும் என்று இந்தியில், உன் வக்கீலை மட்டும் கூட்டி வர வேண்டாம் என்று அவளிடம் சொல்லிவிட்டு இறங்கிப் போனார்.

கிங்ஸ் சர்க்கிளைத் தாண்டி நடந்தோம். ரயில் பாலத்தின் படி ஏறும்போது அவள் நின்றாள். கீழே ஒரு வண்டி போய் முடியட்டும் என்று காத்திருந்தவள்போல் இருந்தாள்.

“அத்தான், அங்கன நீங்க பேசினது நெசமா? இல்ல, மூணு வாரம் சொல்லிச் சொல்லி வாயில தானா வந்துட்டா?”

வேறு யாரிடமாவது இருந்தால், நெஞ்சைத் தட்டி ஏதாவது சொல்லியிருப்பேன்.

“வாயிலதான் முதல்ல வந்துது” என்றேன். “நெசம் பின்னால வந்துட்டு இருக்கு. திங்கக்கிழமைக்குள்ள வந்து சேந்துரும்.”

“வராட்டி?”

“வராட்டியும் நீ போ.”